ஸ்பெல்பிளேக் மேல் ஏன் இவ்வளவு கோபம்?

ஸ்பெல்பிளேக் என்றால் என்ன, பழைய ரசிகர்களுக்கு அதைக் கண்டாலே ஏன் ஆகவில்லை, நாம் நடத்தும் விளையாட்டில் அதைச் சேர்க்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாகச் சேர்க்கலாம். ஆளுக்கொரு பாத்திரமாகக் கூடிக் கதை வளர்த்து ஆடும் டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் விளையாட்டின் ஃபர்காட்டன் ரெல்ம்ஸ் என்ற கற்பனை உலகத்தில் நடந்த பேரழிவுகளிலேயே எனக்கு மிகவும் பிடித்த இரண்டில் அதுவும் ஒன்று. பேரழிவில் குறையில்லை, அதைச் சொன்ன விதத்தில்தான் குறை.

முதலில் அடிப்படையைப் பார்த்துவிடலாம். டோரில் என்ற அந்த உலகத்தில் எந்த மந்திரவாதியும் மாயசக்தியை நேரடியாகத் தொடுவதில்லை. நடுவில் வீவ் என்றொரு நெசவு இருக்கிறது. அதைக் கட்டிக் காப்பவள் மிஸ்ட்ரா என்ற தேவி. காப்பவள் என்பதைவிட, அந்த நெசவே அவள்தான் என்று சொல்லலாம். அந்த உலகத்தின் ஆண்டுக் கணக்கான டேல் கணக்கில் 1385ஆம் ஆண்டு, ஷார் என்ற இருள் தேவியின் துணையோடு சிரிக் என்ற தேவன் மிஸ்ட்ராவைக் கொல்கிறான். தறியில் ஓடிக்கொண்டிருக்கும்போதே பாவு நூல் மொத்தமும் அறுந்தால் எப்படியோ, அப்படி ஆகிவிட்டது. அதுவரை கட்டுக்குள் இருந்த சக்தி நீலத்தீயாகக் கிளம்பியது. அதுதான் ஸ்பெல்பிளேக்.

இந்த நீலத்தீ வெறுமனே எரித்துவிட்டுப் போவதில்லை. பட்டதை எல்லாம் உருமாற்றுகிறது. சதையும் கல்லும் அதற்கு ஒன்றுதான். நிலம் துண்டு துண்டாகப் பெயர்ந்து, மேலே இருக்கும் மரங்களோடு அந்தரத்தில் மிதக்கிறது. மந்திரவாதிகள் ஆண்ட ஹல்ருவா நாடு நாசமாகிறது. மாஸ்டிகா என்ற கண்டம் காணாமல் போய், டோரிலின் இரட்டையான அபேர் என்ற உலகத்தின் நிலம் அந்த இடத்தில் வந்து உட்காருகிறது. தீ தீண்டியும் பிழைத்தவர்கள் சிலரின் உடலில் ஒரு வடு தங்கிவிடுகிறது. அது அவர்களுக்கு ஒரு சக்தியைத் தருகிறது; அதைப் பயன்படுத்தும்போது வடு நீலமாக ஒளிர்கிறது. பறிகொடுத்ததையும் கிடைத்ததையும் ஒரே உடம்பில் சுமக்கும் இந்த மனிதர்கள்தான் மொத்த விஷயத்திலும் சிறந்த கற்பனை என்பேன்.

இப்போது கோபத்துக்கு வருவோம். நான்காம் பதிப்பு 2008இல் வந்தபோது விளையாட்டின் மந்திர விதிகள் அடியோடு மாறின. அந்த மாற்றத்துக்குக் கதைக்குள் ஒரு காரணம் தேவைப்பட்டது, அதற்காகத்தான் தேவியைக் கொன்றார்கள் என்பது பலருடைய குற்றச்சாட்டு. எனக்கு இது பெரிய குற்றமாகப் படவில்லை. 1989இல் இரண்டாம் பதிப்பு வந்தபோதும் இதையேதான் செய்தார்கள். தேவர்கள் ஏறக்குறைய எல்லாரும் பூமிக்குத் தள்ளப்பட்டார்கள், அப்போதிருந்த மிஸ்ட்ரா செத்தாள், மிட்நைட் என்ற மானிடப் பெண் அவள் இடத்துக்கு வந்தாள். அதை இன்றும் ரசித்துப் பேசுபவர்கள் இருக்கிறார்கள்.

என் வருத்தம் வேறு. நீலத்தீ பரவிய அடுத்த கணமே கதை ஏறக்குறைய ஒரு நூற்றாண்டைத் தாண்டி 1479க்குப் போய்விட்டது. அழிவின் நடுவில் நின்றவர்களோடு நாம் ஒரு நாள்கூட இருக்க முடியவில்லை. புது வரைபடத்தைக் கையில் கொடுத்து, முன்பு இங்கே இன்னது இருந்தது, இப்போது இல்லை என்றார்கள். இந்த உலகம் வெளிவந்த 1987 முதல் அந்த ஊர்களிலேயே தங்கள் கதைகளை வளர்த்தவர்களுக்கு அது எப்படி இருந்திருக்கும்! அழுவதற்குக்கூட இடம் கொடுக்கவில்லை.

என் பட்டியலில் இருக்கும் இன்னொரு பேரழிவு கார்சஸுடையது. டேல் கணக்கு தொடங்குவதற்கு 339 ஆண்டுகள் முன்பு, பறக்கும் நகரங்கள் கொண்ட நெதரில் பேரரசில் கார்சஸ் என்ற மந்திரவாதி, அன்றைய மந்திர தேவியான மிஸ்ட்ரிலின் சக்தியையே தனக்குள் இழுத்துக்கொள்கிறான். நெசவை ஓயாமல் சரிசெய்துகொண்டே இருக்க வேண்டும் என்பது அவனுக்குத் தெரியாது. மந்திரம் தறிகெட்டு ஓட, மீதியைக் காப்பாற்ற மிஸ்ட்ரில் தன்னையே பலி கொடுக்கிறாள். ஒரு கணம் உலகத்தில் மந்திரமே இல்லை. அந்த ஒரு கணம் போதும், நகரங்கள் விழுகின்றன. இதில் ஆசைப்பட்டவன் ஒரு மனிதன், விலை கொடுத்தவர்களும் மனிதர்கள். ஸ்பெல்பிளேக்கிலோ அது தேவர்களுக்குள் நடந்த பகை. கீழே இருந்தவர்களுக்கு என்ன நடக்கிறதென்றே தெரியாது. அந்தத் தெரியாமையைத்தான் கதையாக்கியிருக்க வேண்டும்.

அதனால் நான் நடத்திய ஆட்டத்தை 1385இலேயே, அந்த நாளிலேயே தொடங்கினேன். தேவி இறந்ததை யாரிடமும் சொல்லவில்லை. இருட்டான குகையில், மந்திரவாதியாக ஆடியவர் வழக்கம்போல வெளிச்ச மந்திரத்தைச் சொன்னார். வெளிச்சம் வந்தது, ஆனால் நீலமாக வந்தது, அணைக்கச் சொன்னால் அணையவில்லை. விரலிலிருந்து மணிக்கட்டுக்கு ஏறியது. அடுத்த மந்திரம் வரவே இல்லை. மந்திரங்கள் எழுதியிருந்த தாளைக் கவிழ்த்து வைக்கச் சொன்னேன். "எது வேலை செய்யும், எது செய்யாது?" என்று கேட்டார். "உங்கள் ஆளுக்கும் தெரியாது" என்றேன். அதுவரை அவரையே நம்பியிருந்த மற்றவர்கள், அப்புறம் அவரைத் தோளில் தாங்கி வெளியே கொண்டுவர வேண்டியதாயிற்று. அந்த ஆட்டத்தை அவர்கள் இன்னும் பேசுகிறார்கள்.

நீங்கள் சேர்ப்பதாக இருந்தால் காரணத்தை முதலிலேயே விளக்கிவிடாதீர்கள். மந்திரவாதியாக ஆடுபவரிடம் மட்டும் முன்கூட்டியே தனியாகப் பேசி, அவருடைய சக்தி கொஞ்ச காலம் கைவிடும் என்று சம்மதம் வாங்கிவிடுங்கள், இல்லையென்றால் அவருக்கு அது தண்டனையாகத் தோன்றும். வடுவை அவரே தேர்ந்தெடுக்கட்டும். நூறாண்டுத் தாவலை ஒதுக்கிவிடுங்கள். 2014இல் வந்த ஐந்தாம் பதிப்பு மிஸ்ட்ராவையும் நெசவையும் மீட்டுவிட்டது. அதனால் உங்கள் ஆட்டம் எவ்வளவு காலம் நீடித்தாலும், அந்த மீட்சியை நோக்கிக் கதையைக் கொண்டுபோக வழி இருக்கிறது.