கடாலின் கராதி யார்? உச்சத்தில் இருந்தவர் ஏன் ஹங்கேரியை விட்டுப் போனார்?

ஹங்கேரிய நடிகையும் பாடகியுமான கடாலின் கராதி 1910இல் தலைநகர் புடாபெஸ்டின் கோபானியா பகுதியில் ஓர் ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். 1939இல் நடிகர் பால் யாவோருடன் நடித்த ‘ஹாலாலோஷ் தவஸ்’ (சாவின் வசந்தம்) படம் ஒரே வீச்சில் அவரை நட்சத்திரமாக்கியது. அவருடைய தாழ்ந்த, கரகரத்த குரலை ஒருமுறை கேட்டுப் பாருங்கள். ரசிகர்களுக்கு அவர்மீது அப்படி ஒரு மோகம் ஏன் வந்தது என்பது விளங்கும்.

ஆனால் நான் அவரை மதிப்பது சினிமாவுக்காக மட்டும் அல்ல. 1944இல் ஜெர்மனி ஹங்கேரியை ஆக்கிரமித்ததும், நேச நாடுகளுக்கு உளவு பார்த்ததாகக் குற்றம் சாட்டி, நாஜி ஜெர்மனியின் ரகசியப் போலீஸான கெஸ்டாப்போ அவரைக் கைது செய்தது. மாதக்கணக்கில் அடித்து வதைத்தது. அப்படி நொறுக்கப்பட்டு வெளியே வந்தவர் ஒதுங்கிக்கொள்ளவில்லை. அந்த ஆண்டின் இறுதியில் யூதக் குழந்தைகளைத் தன் வீட்டில் மறைத்துக் காப்பாற்றினார். இதற்காக நாஜிகளின் யூத இனப்படுகொலையை நினைவுகூரும் இஸ்ரேலின் யாத் வாஷெம் நிறுவனம் 2004இல் அவரைக் கௌரவித்தது. அப்போது அவர் உயிருடன் இல்லை.

போருக்குப் பின் வந்த கம்யூனிஸ்ட் ஆட்சி அவரைப் பழைய காலத்தின் சின்னமாகவே பார்த்தது. வாய்ப்புகள் அடைபட்டன. 1951இல் நாட்டை விட்டு வெளியேறி, பிரேசிலின் சாவோ பாவ்லோவிலும் பிறகு நியூயார்க்கிலும் தொப்பிக் கடை நடத்திப் பிழைத்தார். திரைக்கு அவர் திரும்பவே இல்லை. 1990இல் நியூயார்க்கில் இறந்தார். உடல் புடாபெஸ்டில் அடக்கம் செய்யப்பட்டது.