திரைப்படக் கல்லூரியில் படிக்காமல் சுயாதீன இயக்குநர் ஆக முடியுமா? முதலில் நல்ல கேமரா வாங்க வேண்டுமா?

முடியும். வேலைக்குப் போய்க்கொண்டே விடுமுறை நாட்களில் படமெடுக்க நினைக்கிறீர்கள், சேமிப்பையெல்லாம் கேமராவில் போட்டுவிடலாமா என்று தவிக்கிறீர்கள் என நினைக்கிறேன். நானும் அப்படித்தான் தொடங்கினேன்.

என் முதல் குறும்படம் 17 நிமிடம். நான்கு ஞாயிற்றுக்கிழமைகளில் எடுத்தேன். லென்ஸ், வெளிச்சம், எடிட்டிங் எல்லாம் ஒரு வருடம் நானே பழகியிருந்தேன். ஒலியைப் பற்றி ஒரு நாள்கூட யோசிக்கவில்லை. கேமராவிலேயே மைக் இருக்கிறதே என்று விட்டுவிட்டேன்.

அம்மாவாக நடித்தவர் ஓய்வுபெற்ற ஆசிரியை. அதற்கு முன் நடித்ததே இல்லை. மகனிடம் கடைசியாகப் பேசும் காட்சியில் அவர் குரல் உடைந்தபோது எனக்கே கண் கலங்கியது. எடிட்டிங்கில் உட்கார்ந்த பிறகுதான் விபரீதம் புரிந்தது. கோணம் மாறும்போதெல்லாம் கேமராவோடு மைக்கும் நகர்ந்திருக்கிறது. ஒரு ஷாட்டில் மின்விசிறி இரைகிறது, அடுத்ததில் அடங்குகிறது, தூரத்து ஷாட்டில் அவர் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருகிறது.

டப்பிங்குக்கு அழைத்தேன். 11 முறை பேசினார். உதட்டசைவு பொருந்தியது, அழுகை வரவில்லை. "அன்றைக்கு வந்தது இன்றைக்கு எப்படி வரும், தம்பி?" என்றார். என்னிடம் பதில் இல்லை.

பிறகு அதே அறைக்குப் போய், அதே வேகத்தில் மின்விசிறியைச் சுழலவிட்டு, யாரும் பேசாமல் இரண்டு நிமிடம் பதிவு செய்தேன். அதைக் காட்சி முழுவதற்கும் அடியில் விரித்தேன். கிணற்றுக் குரல் வந்த இடங்களில், நெருக்கமான ஷாட்டில் பதிவான குரலை மகனின் முகத்தின்மேல் வைத்தேன். இரைச்சல் போகவில்லை, ஆனால் வெட்டுகள் துருத்தவில்லை. அவருடைய உண்மையான அழுகை படத்தில் இருக்கிறது.

படப்பிடிப்பில் ஒவ்வோர் இடத்திலும் இப்படி வெற்று ஒலியைப் பதிவு செய்வது வழக்கமான வேலை என்பது பின்னர்தான் தெரிந்தது. கல்லூரியில் படித்தவர்கள் கோபிக்க வேண்டாம். ஆசிரியர் ஒருவர் இருந்திருந்தால் முதல் மாதத்திலேயே சொல்லியிருப்பார் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் திரைப்படப் பள்ளிக்குப் போகாத புகழ்பெற்ற அமெரிக்க இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக்கும் 1953-ல் வெளிவந்த தன் முதல் முழுநீளப் படத்தை ஒலியில்லாமல் எடுத்து, பிறகு குரல் சேர்க்கப்போய்ச் செலவில் மாட்டிக்கொண்டவர்தான். தெரியாமல் செய்த பிழையைத் தகுதியின்மை என்று சொல்வதை என்னால் ஏற்க முடியாது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். மூன்றாவது ஞாயிற்றுக்கிழமைக்குப் பின் நண்பர் ஒருவர் என் கேமரா முக்காலியை இரண்டு நாளுக்கென்று வாங்கிப் போனார். ஆறு வருடம் ஆகிறது. கடைசி ஞாயிறு முழுவதும் புத்தக அடுக்கின்மேல் கேமராவை வைத்து எடுத்தேன். கேட்டால், "நீதான் இப்போது படமெடுப்பதில்லையே" என்கிறார். எடுத்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

கேமராவுக்கு அவசரமில்லை. கையிலிருக்கும் கைப்பேசியிலேயே தொடங்குங்கள். முதல் செலவு ஒரு காலர் மைக்கும், காதை முழுவதும் மூடும் ஹெட்போனும். ஒவ்வொரு ஷாட்டையும் அதை மாட்டிக்கொண்டே எடுங்கள்.