பறக்காத ராக்கெட்டுகள்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்

ராக்கெட் இன்ஜின்களைத் தரையில் சோதிப்பது பற்றிச் சென்ற மாதம் எழுதியதைத் தொடர்ந்து வந்த கடிதங்களில் சிலவற்றுக்கு இங்கே பதில் தருகிறேன். எந்த இன்ஜின், எந்த எரிபொருள், எத்தனை வினாடி என்ற மூன்றையும் குறிப்பிட்டு எழுதும்படி முன்பே கேட்டுக்கொண்டேன். பாதிப் பேர் குறிப்பிடவில்லை.

ஒரு ராக்கெட்டையே தூக்கும் இன்ஜின், சோதனை மேடையைப் பெயர்த்துக்கொண்டு பறந்துவிடாதா? அதன் விசையை எந்தத் தராசில் அளக்கிறார்கள்? (பாகான் டாலாம் வாசகர்)

மேடையின் எஃகுச் சட்டம் தரைக்குள் ஆழமாக இறங்கிய கான்கிரீட் அடித்தளத்தோடு பிணைக்கப்பட்டிருக்கும். இன்ஜினின் எதிர்பார்க்கப்படும் விசையைப் போலப் பல மடங்கைத் தாங்கும்படி அது கட்டப்படும். இருந்தும் ஒருமுறை பறந்திருக்கிறது. 2024 ஜூன் 30 அன்று சீனாவின் ஹெனான் மாநிலத்தில் தியான்லோங்-3 ராக்கெட்டின் முதல் கட்டத்தை (முதலில் எரியும் அடிப்பகுதியை) தரையில் எரித்துப் பார்த்தபோது, ராக்கெட்டையும் மேடையையும் இணைத்த பகுதி முறிந்தது. சோதனைக்காக நின்ற ராக்கெட் தானாகக் கிளம்பி, சுமார் ஒன்றரை கிலோமீட்டர் தள்ளி மலைப்பகுதியில் விழுந்து வெடித்தது.

அளப்பது லோட் செல்தான், அதாவது விசையை அளக்கும் உணரி. லாரி எடை மேடைக்குக் கீழே இருக்கும் அதே இனம். கடினமானது அதுவல்ல, இன்ஜினுக்குள் போகும் குழாய்கள். திரவ ஆக்சிஜன் சுமார் மைனஸ் 183 டிகிரியில் பாயும்போது குழாய் சுருங்கும், அழுத்தம் ஏறினால் விறைக்கும். இரண்டும் இன்ஜினை ஒரு பக்கம் இழுத்து, விசையின் ஒரு பங்கை லோட் செல்லுக்குப் போகவிடாமல் விழுங்கிவிடும். பினாங்கு மாநிலத்தின் பிறை நகரில், அளவுக் கருவிகளைச் சரிபார்க்கும் அளவுத்திருத்த வேலையில் நான் இருந்த காலத்தில், ஒரு தொழிற்சாலையின் மூலப்பொருள் தொட்டி ஒவ்வொரு நாளும் வெவ்வேறு எடை காட்டுகிறது என்று அழைத்தார்கள். நான்கு லோட் செல்களையும் கழற்றி மாற்றி அரை நாளை வீணாக்கிய பிறகுதான், தொட்டியின் மேல் வாயில் வளையாத இரும்புக் குழாயைப் போல்ட்டு போட்டு இறுக்கியிருந்தது கண்ணில் பட்டது. வெயில் ஏற ஏற அந்தக் குழாய் நீண்டு தொட்டியை அமுக்கியிருக்கிறது. ஆகவே, குழாய்களைப் பொருத்திய நிலையிலேயே, சோதனைக்கு முன்னும் பின்னும் அளவுத்திருத்தம் செய்யாத மேடை தரும் உந்துவிசைக் கணக்கை நம்பாதீர்கள்.

ராக்கெட் இன்ஜின் எத்தனை குதிரைத்திறன்? (ஊர் குறிப்பிடாதவர்)

உந்துவிசை என்பது விசை, குதிரைத்திறன் என்பது திறன். ஒன்றை மற்றொன்றால் கேட்கக் கூடாது. இதை மூன்றாவது முறையாக எழுதுகிறேன். குதிரைத்திறன்தான் வேண்டும் என்றால் டர்போபம்ப்பைக் கேளுங்கள்: மனிதரை நிலவுக்கு அனுப்பிய சாட்டர்ன் 5 ராக்கெட்டின் எப்-1 இன்ஜினில் எரிபொருளைத் தள்ளிய பம்ப்புக்கு மட்டும் சுமார் 55,000 குதிரைத்திறன்.

சோதனையின்போது எழும் வெள்ளை மேகம் நச்சுப்புகையா? (ஜெலுத்தோங் வாசகி)

எந்த இன்ஜின் அம்மா? திரவ ஹைட்ரஜனும் ஆக்சிஜனும் எரிந்தால் வருவது நீராவிதான். போதாததற்குத் தீப்பிழம்பு விழும் எஃகுத் தடுப்பு உருகாமலிருக்க அதன்மேல் கொட்டும் தண்ணீரும் ஆவியாகிச் சேர்ந்துகொள்ளும். இந்தியாவின் விகாஸ் இன்ஜின் வேறு வகை. அது பயன்படுத்தும் நைட்ரஜன் டெட்ராக்சைடு கசிந்தால் செம்பழுப்பாகத் தெரியும், அது கொடிய நஞ்சு. வெள்ளையைக் கண்டு பயப்படும் நாம் பழுப்பைக் கண்டுதான் ஓட வேண்டும்.

மகேந்திரகிரியில் இஸ்ரோ சோதித்த இன்ஜின் இரண்டரை வினாடியில் நின்றுவிட்டதாமே? இத்தனை கோடி செலவழித்தும் தோல்விதானா? காணொளியும் அனுப்பியுள்ளேன். (செந்தூல் வாசகர்)

காணொளியைப் பார்த்தேன், தலைப்பை எழுதியவர் செய்திக்குறிப்பைப் படிக்கவில்லை, அதை எனக்கு அனுப்பிய நீங்களும் படிக்கவில்லை. 2025 மார்ச் 28 அன்று திருநெல்வேலி மாவட்டத்தின் மகேந்திரகிரி வளாகத்தில் நடந்த அந்தச் சோதனைக்குத் திட்டமிட்ட நேரமே இரண்டரை வினாடிதான். மண்ணெண்ணெயும் திரவ ஆக்சிஜனும் கொண்டு ஏறத்தாழ 200 டன் உந்துவிசை தர வேண்டிய அரைக் கிரையோஜெனிக் இன்ஜினின் ஒரு பகுதியை, அதன் எரியறையைப் பொருத்தாமல், தொடக்கத்தை மட்டும் பார்க்க இயக்கினார்கள். இத்தகைய இன்ஜினில் எந்த வால்வு எப்போது திறக்கிறது, பம்ப்பைச் சுழற்றும் டர்பைன் எந்த வேகத்தில் எழுகிறது என்பதெல்லாம் முதல் சில வினாடிகளில் முடிவாகிவிடும். கெடுவதாக இருந்தாலும் பெரும்பாலும் அங்கேதான் கெடும்.

உண்மையிலேயே பாதியில் நின்றது வேறொரு சோதனை. 2023 ஜூலையில் இதே இன்ஜினின் இடைநிலை வடிவத்தை நாலரை வினாடி இயக்கத் திட்டமிட்டார்கள்; 1.9 வினாடி வரை எல்லாம் கணித்தபடி போனது; பிறகு டர்பைன் அழுத்தம் எதிர்பாராமல் எகிறி, அதன் வேகம் விழ, சோதனையை நிறுத்தினார்கள். இதையும் நான் தோல்வி என்று சொல்ல மாட்டேன். கோளாறு கடலுக்கு மேல் நடக்காமல், உணரிகள் பார்த்துக்கொண்டிருந்த மேடையில் நடந்தது. பிரித்துப் பார்க்க இன்ஜினும் கையில் இருந்தது.

அமெரிக்காவிலும் இதே கதைதான். 2021 ஜனவரி 16 அன்று மிசிசிப்பி மாநிலத்தின் ஸ்டென்னிஸ் மையத்தில், நாசாவின் நிலவு ராக்கெட்டான எஸ்எல்எஸ்-இன் நான்கு ஆர்எஸ்-25 இன்ஜின்களும் எட்டு நிமிடம் எரிய வேண்டியிருக்க, 67 வினாடியில் அணைந்தன. இன்ஜினைத் திருப்பும் ஹைட்ராலிக் அமைப்பின் ஓர் அளவு, ராக்கெட்டின் கட்டத்தைக் காப்பாற்றுவதற்காகச் சோதனைக்கென்றே இறுக்கி வைத்த வரம்பைத் தொட்டதுதான் காரணம். பறக்கும்போது அதே அளவு வந்திருந்தால் இன்ஜின் எரிந்துகொண்டே போயிருக்கும். இரண்டு மாதம் கழித்து, மார்ச் 18 அன்று அதே கட்டம் 499 வினாடி எரிந்தது.

இதில் எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்பீர்கள். நான் வேலை பார்த்த ஓர் இடத்தில், கொதிகலன் குழாய்களின் நீரழுத்தச் சோதனை வரம்பைத் தொட்டுத் தானாக நின்றால், மேலாளர் அறிக்கையில் சிவப்பு மையால் 'காகால்' (மலாயில் 'தோல்வி') என்று எழுதி அறிவிப்புப் பலகையில் ஒட்டுவார். மூன்றாவது மாதம் யாரும் எதையும் சொல்லிக்கொள்ளாமல் வரம்பைச் சற்றே தளர்த்திவிட்டார்கள். சிவப்பு மை நின்றது, கசிவு நிற்கவில்லை. சோதனையை நிறுத்திய கருவியைத் திட்டினால் அடுத்த முறை அந்தக் கருவியின் வாயைத்தான் அடைப்பார்கள். ராக்கெட்டானாலும் கொதிகலனானாலும் அப்படித்தான். ஆகவே ஐயா, 'தோல்வி' என்று பகிர்வதற்கு முன்னால் திட்டமிட்ட நேரம் எவ்வளவு, எது நிறுத்தியது என்ற இரண்டையும் பாருங்கள்.

ஒரு இன்ஜின் சோதனையில் தேறினால், அதே வகையில் செய்யும் மற்றவற்றையும் சோதிக்க வேண்டுமா? (பட்டர்வொர்த் வாசகர்)

வேண்டும். சோவியத் ஒன்றியத்தின் என்1 நிலவு ராக்கெட்டின் முதல் கட்டத்தில் 30 இன்ஜின்கள் இருந்தன. அவற்றின் வால்வுகள் வெடிமருந்தால் ஒரே ஒருமுறை மட்டும் இயங்கக்கூடியவை என்பதால், சோதித்த இன்ஜினைப் பறக்கவிட முடியாது. ஒவ்வொரு தொகுதியிலும் சிலவற்றை எரித்துப் பார்த்துவிட்டு மற்றவற்றை நம்பிப் பொருத்தினார்கள். 30 இன்ஜின்களையும் சேர்த்து முழுக் கட்டத்தைத் தரையில் ஒருமுறைகூட எரித்துப் பார்க்கவில்லை. 1969 முதல் 1972 வரை நான்கு முறை ஏவி, நான்கும் முதல் கட்டம் எரியும்போதே போயின.

எரிந்துகொண்டிருக்கும் இன்ஜினுக்குள் குண்டு வெடிக்க வைப்பார்கள் என்று என் பேரன் சொல்கிறான். உண்மையா? (பிரிக்ஃபீல்ட்ஸ் வாசகி)

பேரன் சரியாகத்தான் சொல்கிறான். எப்-1 இன்ஜினில் எரிதல் சீராக இல்லாமல், எரியறைக்குள் அழுத்த அலைகள் சுழன்று நொடிக்குள் இன்ஜினையே சிதைத்தன. 1962 ஜூனில் ஒன்று மேடையிலேயே போனது. இந்தத் தடுமாற்றம் எப்போது வரும் என்று காத்திருக்க முடியாது என்பதால், சிறு குண்டுகளை எரியறைக்குள் வைத்து வேண்டுமென்றே அதை உண்டாக்கினார்கள். எரிபொருளைத் தெளிக்கும் இன்ஜெக்டர் தட்டில் தடுப்புச் சுவர்கள் வைத்து, துளைகளின் அமைப்பை மாற்றி மாற்றி, கடைசியில் குண்டு கிளப்பிய அலை பத்தில் ஒரு வினாடிக்குள் தானாக அடங்கும் நிலைக்கு வந்தார்கள்.

விண்வெளியில் எரிய வேண்டிய மேல்கட்ட இன்ஜினைக் காற்றுள்ள தரையில் எப்படிச் சோதிப்பது? (நிபோங் திபால் மாணவர்)

நல்ல கேள்வி, தம்பி. இதன் நாசில், அதாவது வாயு வெளியேறும் கூம்பு, மிகப் பெரிதாக இருப்பதால் வாயில் வாயுவின் அழுத்தம் வெளிக்காற்றைவிடக் குறைந்துவிடும். அப்போது ஓட்டம் சுவரைவிட்டுப் பிரிந்து, நாசில் நடுங்கி உடையலாம். வழக்கமான தீர்வு, மூடிய அறைக்குள் இன்ஜினை வைத்து நீராவித் தாரைகளால் காற்றை உறிஞ்சியபடி எரிப்பது. இஸ்ரோவின் மேல்கட்ட இன்ஜினான சிஇ20-ஐ 2025 பிப்ரவரியில் வெற்றிடத்தில் பற்றவைத்துப் பார்த்ததும் மூடிய அறையில்தான். அதற்கு முன், 2024 நவம்பரில், நாசிலுக்கு ஒரு பாதுகாப்பு அமைப்பைப் பொருத்தி அதே இன்ஜினைத் திறந்த வெளியிலும் எரித்திருக்கிறார்கள். இரண்டாவது வழியில் செலவும் சிக்கலும் குறைவு.

திண்ம எரிபொருள் மோட்டாரைச் சோதனையின் நடுவில் நிறுத்த முடியுமா?

கம்பி மத்தாப்பைப் பாதியில் நிறுத்துங்கள், பார்க்கலாம்.

இந்தச் சோதனைகளை ஊருக்குப் பக்கத்தில் நடத்தினால் என்ன? மலையிலும் காட்டிலும் போய்க் கட்டுவானேன்? (ஆயர் ஈத்தாம் வாசகர்)

சத்தம்தான் முதல் காரணம். ஸ்டென்னிஸ் மையத்தைச் சுற்றி வீடு கட்டக் கூடாது என்று ஒதுக்கிய நிலம் சுமார் 50,000 ஹெக்டர். நம் பினாங்குத் தீவு முழுவதும் 30,000 ஹெக்டருக்குள் அடங்கிவிடும்.

என் மகனுக்கு 14 வயது. சர்க்கரையும் வெடியுப்பும் கலந்து சிறு ராக்கெட் மோட்டார் செய்து, சமையலறைத் தராசில் வைத்துச் சோதிக்க விரும்புகிறான். எவ்வளவு கலக்கலாம்? (செராஸ் தந்தை)

ஒரு கிராம்கூட வேண்டாம். 1957 ஆம் ஆண்டு வெடிபொருள் சட்டம் மலேசியாவில் இன்னும் நடப்பில் இருக்கிறது என்பது ஒருபுறம். அடுப்பில் கிளறும்போது பற்றிக்கொண்டால் விரல் திரும்பி வராது என்பது மறுபுறம். சோடா விற்கும் பிளாஸ்டிக் புட்டியில் மூன்றில் ஒரு பங்கு தண்ணீர் ஊற்றி, காற்றடித்து, தலைகீழாக ஒரு சட்டத்தில் கட்டிச் சோதிக்கட்டும். 2 பார் அழுத்தத்திலேயே அது முதலில் 10 கிலோவுக்கு மேல் தள்ளும், அரை வினாடிக்குள் தீர்ந்தும்விடும் என்பதால் சமையலறைத் தராசு தாங்காது, எண்ணைக் காட்டவும் நேரமிருக்காது. 50 கிலோ லோட் செல் ஒன்றையும், வினாடிக்கு 80 முறை படிக்கும் மலிவான சுற்றையும் வாங்கிக் கொடுங்கள். கண்ணாடி அணிந்து, நீளமான குழாய் வைத்து, எட்ட நின்று காற்றடிக்க வேண்டும். தெரிந்த எடைகளை, ஐந்து கிலோ அரிசிப் பை போதும், முன்னும் பின்னும் வைத்து அந்த லோட் செல்லை அவனே அளவுத்திருத்தம் செய்யட்டும். வரைபடம் வந்ததும் அழுத்தம், தண்ணீர் அளவு இரண்டையும் குறித்து எனக்கு அனுப்பச் சொல்லுங்கள்.