மூடப்போகிற ஃபேக்டரி வாசலில் பெண்கள் உட்கார்ந்து என்ன பயன்?

முதலாளி மூடுவதென்று முடிவெடுத்த பிறகு வாசலில் உட்கார்ந்து என்ன ஆகப்போகிறது என்று கேட்டிருக்கிறீர்கள். நான் உட்கார்ந்தவள். பெங்களூர் பொம்மனஹள்ளியில் ஒரு கார்மெண்ட்ஸில் பதினோரு வருஷம் டெய்லர், சட்டைக்குக் காலர் வைப்பது என் வேலை.

மூடுகிறோம் என்று யாரும் போர்டு மாட்ட மாட்டார்கள். முதலில் ஆர்டர் குறையும், ஒரு லைனை நிறுத்தி ஆட்களை வேறு லைன்களில் பிரித்துப் போடுவார்கள், அப்புறம் ராத்திரி லாரி வரும், காலையில் போய்ப் பார்த்தால் ஓவர்லாக் மெஷின் இருந்த இடத்தில் நூல் குப்பைதான் கிடக்கும். 2018இல் எங்களுக்கு அப்படித்தான் ஆனது. தொட்டபள்ளாபுரம் யூனிட்டுக்கு வாருங்கள், முடியாதவர்கள் இதில் கையெழுத்துப் போடுங்கள் என்று ஒரு தாளை நீட்டினார்கள். அது ஊருக்கு அந்தக் கோடி. விடியுமுன் நாங்கள் கிளம்பிவிட்டால் பிள்ளைகளை யார் பள்ளிக்கூடம் அனுப்புவது? அது அவர்களுக்கும் தெரியும். தாள் கன்னடத்தில் இருந்தது. எங்களில் பல பேருக்குக் கன்னடம் பேச வரும், படிக்க வராது. செக்கிங்கில் இருந்த கன்னட அக்காதான் வாங்கிச் சத்தமாகப் படித்தார்: "என் சொந்த விருப்பத்தில் வேலையை விடுகிறேன்."

அதில் கையெழுத்துப் போட்டால் நீங்களாகப் போனதாகிவிடும். மூடினால் வேலை பார்த்த ஒவ்வொரு வருஷத்துக்கும் 15 நாள் சம்பளம் இழப்பீடு தர வேண்டும், கிராஜுவிட்டி தனி. அந்த இழப்பீடு கையெழுத்தோடு போச்சு. 100 பேரோ அதற்கு மேலோ வேலை செய்தால் மூடுவதற்கு 90 நாள் முன்பே அரசிடம் அனுமதி கேட்க வேண்டும் என்பது அன்றைய சட்டம். நாங்கள் 240 பேர் இருந்தோம், யாரும் கேட்கவில்லை.

லாரியை நிறுத்தத்தான் வாசலில் உட்கார்ந்தோம். மெஷின் உள்ளே இருக்கும்வரைதான் பேச வருவார்கள். 2016 ஏப்ரலில் பி.எஃப். பணம் எடுப்பதற்குக் கட்டுப்பாடு வந்தபோது இதே ஓசூர் ரோட்டை மறித்து, இரண்டே நாளில் மத்திய அரசை அதைத் திரும்பப் பெற வைத்தவர்கள் கார்மெண்ட்ஸ் பெண்கள், அந்த நினைப்பு எங்களுக்குள் இருந்தது. ராத்திரிக்கு முறை போட்டோம், கைக்குழந்தைக்காரிகள் பகலில் மட்டும்.

வேலை திரும்பக் கிடைக்கவில்லை. பத்தொன்பதாம் நாள் லேபர் ஆபீசர் முன்னால் இழப்பீட்டுப் பணம் தர முதலாளி தரப்பில் ஒத்துக்கொண்டார்கள். முதல் நாளே கையெழுத்துப் போட்ட முப்பது பேருக்கு அதுவும் இல்லை. என் பக்கத்து மெஷின் பெண்ணும் அதில் ஒருத்தி, இன்னும் எனக்கு ஆறவில்லை.

2025 நவம்பர் 21 முதல், அனுமதி கேட்க வேண்டிய அந்த 100 பேர் என்பது 300 ஆகிவிட்டது. எங்கள் யூனிட் மாதிரி ஒன்றை மூட இப்போது நோட்டீஸ் போதும், அனுமதி வேண்டாம். ஆனால் இழப்பீடு இன்னும் உண்டு. உங்கள் இடத்தில் ராத்திரி லாரி வர ஆரம்பித்திருந்தால், எந்த லைனில் எத்தனை மெஷின் என்று இன்றைக்கே ஒரு நோட்டில் எழுதி வையுங்கள்.