டோக்கன் கையில் இருக்கிறது, வீடு எங்கே?

கேள்வி: கால்வாய்க் கரையில் இருந்த எங்கள் குடிசைகளை அகற்றும்போது, அதே பகுதியில் ஒன்றரை வருடத்தில் மாடி வீடு கட்டித் தருவதாகச் சொன்னார்கள். கைரேகை எடுத்து, டோக்கனும் கொடுத்தார்கள். நாலு வருடம் ஓடிவிட்டது. வீட்டு வேலை செய்து சம்பாதிப்பதில் பாதி வாடகைக்கே போகிறது. போய்க் கேட்டால், “ஃபண்டு வரலம்மா, வந்தா கூப்பிடுறோம்” என்கிறார்கள். புறம்போக்கில் இருந்த எங்களுக்கு வீடு கேட்க உரிமை உண்டா?
– ஒரு வாசகி, சென்னை

பதில்: உண்டு அம்மா. இனி அந்தப் ‘புறம்போக்கு’ என்ற பேச்சையே நீங்கள் எடுக்க வேண்டாம். நிலம் யாருடையது என்பது குடிசையை எடுத்த அன்றோடு முடிந்த விஷயம். கொடுத்த வாக்கு என்ன ஆயிற்று என்பதுதான் இப்போது கேள்வி.

பம்பாய் நடைபாதைவாசிகளின் ஓல்கா டெல்லிஸ் வழக்கில் 1985இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. வாழும் உரிமைக்குள் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும் என்ற வரியை எல்லோரும் மேடையில் சொல்வார்கள். அதே தீர்ப்பு, நடைபாதையில் குடியிருக்க யாருக்கும் உரிமை இல்லை, அகற்றலாம் என்றும் சொல்கிறது. உங்களுக்கு உதவுவது வேறொரு பகுதி: 1976 கணக்கெடுப்பில் அடையாள அட்டை வாங்கியவர்களுக்கு மாற்று இடம் தர வேண்டும் என்று நீதிமன்றம் கட்டளையிட்டது. அரசு அவர்களுக்கு ஏற்கெனவே வாக்குக் கொடுத்திருந்தது. உங்கள் டோக்கனையும் நான் அப்படித்தான் பார்க்கிறேன்.

‘ஃபண்டு வரல’ என்பதற்கும் பதில் இருக்கிறது. சாக்கடை வசதி செய்துதரப் பணமில்லை என்று கைவிரித்த மத்தியப் பிரதேசத்தின் ரத்லம் நகராட்சியிடம், சட்டம் சுமத்திய கடமைக்கு நிதி இல்லாமை சாக்காகாது என்று 1980இலேயே உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர் சொல்லிவிட்டார். மும்பையில் ஒரு குடிசை மறுவாழ்வுத் திட்டத்தை இருபது வருடம் இழுத்தடித்த கட்டுமான நிறுவனத்தை நீக்கியது சரியே என்று 2024இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. திட்டம் காலத்தோடு முடிகிறதா என்று பார்ப்பது அதிகாரிகளின் பொறுப்பு என்றும் அதில் சொன்னது.

முதல் வேலை, டோக்கனை இரண்டு பக்கமும் ஜெராக்ஸ் எடுங்கள். என்னிடம் வரும் டோக்கன்களில் பின்பக்கம் பிளாக் எண்ணையும் வரிசை எண்ணையும் பேனாவால் கிறுக்கியிருப்பார்கள். நம் பெண்கள் அதைக் கைப்பையிலேயே வைத்திருந்து, வியர்வையில் அந்த மையே கரைந்துபோயிருக்கும். வீட்டுக்கு உங்கள் பங்காகப் பங்களிப்புத் தொகை கட்டியிருந்தால் அந்த ரசீதையும் எடுத்து வையுங்கள். மெஷினில் வரும் ரசீது சில மாதங்களில் வெள்ளைத் தாளாகிவிடும்.

அடுத்து, தகவல் உரிமைச் சட்டத்தில் மனு. கட்டணம் 10 ரூபாய். 30 நாளில் பதில் தர வேண்டும். “எங்களுக்கு எப்போது வீடு?” என்று மட்டும் கேட்டால் “பரிசீலனையில் உள்ளது” என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். அரசாணை நகல், ஒப்பந்தத்தில் உள்ள முடிவு தேதி, இதுவரை ஒதுக்கிய தொகை, செலவான தொகை, பயனாளிகள் பட்டியல் என்று ஆவணங்களாகக் கேளுங்கள்.

அந்தத் தாள்களோடு, வீடு கேட்டு எல்லோரும் கையெழுத்திட்ட மனுவை சேர்ந்ததற்குச் சான்று கிடைக்கும்படி ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்புங்கள். நேரில் கொடுத்து, முத்திரை வாங்காமல் திரும்புவது வீண். மனுவுக்குப் பதில் வராவிட்டால் அரசு தன் கடமையைச் செய்ய உத்தரவிடக் கோரி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். பெண் என்பதால், வருமானம் எவ்வளவாக இருந்தாலும், சட்டப் பணிகள் ஆணைக்குழு உங்களுக்கு இலவசமாக வக்கீல் வைத்துத் தரும்.

ஒன்றில் மட்டும் பிடிவாதமாக இருங்கள். இப்படிப்பட்ட வழக்குகள் பல, “மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்கவும்” என்ற உத்தரவோடு முடிந்துவிடுகின்றன. மறுபடியும் அதே ஜன்னல், அதே பதில். ஆகவே வீடு ஒப்படைக்கும் தேதியைக் குறிக்க வேண்டும், அதுவரை மாத வாடகை தர வேண்டும் என்று இரண்டையும் கோரிக்கையிலேயே எழுதச் சொல்லுங்கள். வக்கீல் “முதலில் பரிசீலனை உத்தரவு வாங்குவோம்” என்றாலும் விடாதீர்கள்.

கேள்வி: டோக்கன் மாமியார் பெயரில். அவர் போன வருடம் இறந்துவிட்டார். வீடு எங்களுக்குக் கிடைக்குமா?
– இன்னொரு வாசகி, சென்னை

பதில்: சாவி கொடுக்கும் நாள் வரை காத்திருக்காதீர்கள். இறப்புச் சான்றும் தாசில்தார் தரும் வாரிசுச் சான்றும் வாங்கி, பெயர் மாற்றக் கோரி இப்போதே மனுக் கொடுங்கள். கணக்கெடுப்பின்போது நீங்களும் அதே வீட்டில் இருந்ததற்கு ரேஷன் கார்டு பேசும். டோக்கனுக்கு விலை பேசி எந்த புரோக்கர் வந்தாலும் கையெழுத்து மட்டும் போட்டுவிடாதீர்கள்.