ஹைகோர்ட்டுக்கு ஓடுவதற்கு முன் காலண்டரைப் பாருங்கள்

கேள்வி: தென்னாப்பிரிக்காவில், டர்பன் சாட்ஸ்வொர்த்தில் அரசுப் பள்ளி ஆசிரியை நான். ஒன்றரை வருடமாகப் பள்ளியில் பாடத்துறைத் தலைவர் வேலையையும் பொறுப்பாகப் பார்த்து வந்தேன். இன்டர்வியூவுக்குப் பிறகு அந்தப் போஸ்ட்டை வேறு பள்ளிக்காரருக்குக் கொடுத்துவிட்டார்கள். ஜூன் 3-ஆம் தேதி கடிதம் வந்தது. கல்வித் துறைக்குப் புகார் எழுதினேன், பதில் இல்லை. 'ஹைகோர்ட்டில் ரிவியூ, அதாவது முடிவை மறு ஆய்வு செய்யக் கேட்கும் மனு போடலாம், 40,000 ராண்ட் ஆகும்' என்கிறார் ஒரு கன்சல்டன்ட். போடலாமா?

பதில்: வேண்டாம், டீச்சர். அந்தப் பணத்தை வீட்டிலேயே வைத்திருங்கள்.

உங்கள் கதையே ஒருவருக்கு நடந்திருக்கிறது. கிரஹாம்ஸ்டவுன் போலீஸ் நிலையத்தில் பொறுப்பில் இருந்த காபா, அதே பதவி தரம் உயர்த்தப்பட்டபோது விண்ணப்பித்தார், கிடைக்கவில்லை. ஹைகோர்ட்டுக்குப் போனார். 2009-இல் அரசியலமைப்பு நீதிமன்றம், இது வேலை சம்பந்தமான தகராறு, அதற்கென்று வேறு இடம் இருக்கிறது என்று சொல்லிவிட்டது. உங்களுக்கு அந்த இடம் ஈ.எல்.ஆர்.சி., அதாவது கல்வித் துறைக்கான தொழிலாளர் பேச்சுவார்த்தை மன்றம். அங்கே புகார் கொடுக்கக் கட்டணமே கிடையாது.

ஆனால் கெடு 90 நாள், சனி ஞாயிறும் சேர்த்து. ஜூன் 3-இலிருந்து எண்ணினால் செப்டம்பர் 1. துறைக்கு எழுதிய புகாருக்குப் பதில் வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். அந்தக் காத்திருப்பு கெடுவை நிறுத்தாது. துறை தூங்கலாம், நீங்கள் தூங்கக் கூடாது. துறையே தூங்கி மாட்டிக்கொண்ட கதையும் உண்டு. நம் குவாசுலு-நடால் மாகாணத்தில் 2004-இல் கொடுத்த பதவி உயர்வை ரத்து செய்யக் கல்வித் துறை 2008-இல்தான் கோர்ட்டுக்குப் போனது. இத்தனை தாமதமா என்று 2013-இல் அரசியலமைப்பு நீதிமன்றம் துறையின் மனுவைத் தள்ளுபடி செய்துவிட்டது. குமாலோ வழக்கு என்பார்கள்.

படிவத்தின் நகலை முதலில் துறையிடம் கொடுங்கள். தேதி முத்திரையும் வாங்கியவர் கையெழுத்தும் இல்லாமல் கவுன்ட்டரை விட்டு நகராதீர்கள். பிறகு மன்றத்துக்கு அனுப்புங்கள்.

கன்சல்டன்ட் விஷயத்துக்கு வருகிறேன். மன்றத்தில் யூனியன் பொறுப்பாளர் உங்களோடு வந்து உட்காரலாம். கன்சல்டன்ட் என்று பலகை மாட்டியவருக்கு அங்கே நாற்காலி கிடையாது. அதனால்தான் இவர்கள் ஹைகோர்ட், ஹைகோர்ட் என்கிறார்கள். இன்னொரு ரகம், 'அடுத்த போஸ்ட்டை நான் முடித்துத் தருகிறேன்' என்று வருபவர்கள். ஆசிரியர் பதவிகள் காசுக்கு விலைபோனதை கல்வி அமைச்சர் அமைத்த வோல்மிங்க் விசாரணைக் குழுவே 2016-இல் எழுதி வைத்திருக்கிறது. ஒரு ராண்ட் கொடுத்தாலும் நீங்களும் குற்றவாளி.

பொறுப்பு பார்த்ததாலேயே பதவி உங்களுக்கு உரிமை ஆகிவிடாது. தேர்வு முறையாக நடக்கவில்லை, நடந்திருந்தால் நான்தான் வந்திருப்பேன் என்று காட்ட வேண்டும். மதிப்பெண் தாள்களைக் கேளுங்கள். தகவல் பெறும் சட்டப்படி 30 நாளில் பதில் தர வேண்டும். ஒரு கேஸில் பேனாவில் போட்ட 7-ஐ வேறு மையில் 4 ஆக்கியிருந்தார்கள். அந்த ஒரு தாள் ஆயிரம் வார்த்தை பேசியது. பதவியே வேண்டும் என்றால், இப்போது அதில் இருப்பவரையும் வழக்கில் சேர்க்க வேண்டும். இழப்பீடு என்றால் அதிகபட்சம் 12 மாதச் சம்பளம்.

ஒன்றை மட்டும் சரிபாருங்கள்: உங்கள் சம்பளச் சீட்டு யாருடையது? பெர்சால் (அரசு ஊழியர் சம்பளக் கணினி முறை) சீட்டு என்றால் மேலே சொன்னதெல்லாம் பொருந்தும். பள்ளியின் நிர்வாகக் குழுவான கவர்னிங் பாடி சம்பளம் கொடுத்தால், சட்டத்தின் கண்ணில் நீங்கள் பள்ளியின் ஊழியர், துறையின் ஊழியர் இல்லை. அதே வகுப்பறை, அதே சாக்பீஸ். இருபது வருடம் வேலை பார்த்திருந்தாலும் துறையின் போஸ்ட்டுக்கு நீங்கள் வெளியாள்தான். வெளியாளுக்குப் பதவி உயர்வுத் தகராறு என்று ஒன்று கிடையாது. இனம், பால், மொழி போன்ற பாகுபாடு நடந்திருந்தால் மட்டும், ஆறு மாதத்துக்குள் சி.சி.எம்.ஏ. என்ற தொழில் தகராறு சமரச ஆணையத்துக்குப் போகலாம். எத்தனையோ பேர் இது தெரியாமல் தவறான வாசலில் நின்று கெடுவைத் தொலைத்திருக்கிறார்கள்.

ரிவியூவுக்கும் நேரம் வரும். மன்றத்தின் தீர்ப்பு கோணலாக இருந்தால், கைக்கு வந்த ஆறு வாரத்துக்குள் லேபர் கோர்ட்டில் போடலாம். லாயருக்குப் பணம் தேவைப்படுவது அப்போதுதான். இந்த வாரம் யூனியன் ஆபீசில் படிவத்தை வாங்கி நிரப்புங்கள்.