சிப்பாய்க் கூட்டத்தில் ஒருவர் – கடிதம்

அன்புள்ள ஐயா,

திரைக்கதை பற்றிய உங்கள் குறிப்பில் ஹாலிவுட் திரைக்கதையாசிரியர் ஆல்வின் சார்ஜென்ட்டை ‘நடிகராக இருந்தவர்’ என்று சிறப்பித்துச் சொல்லியிருந்தீர்கள். தேடிப் பார்த்தேன். நடிகராக அவர் பெயர் சொல்ல ஒரு படம்கூட இல்லை. நடிப்பு கைகொடுக்காமல் எழுத்துக்கு ஒதுங்கியவர்தானே? இதில் என்ன பெருமை?

ச.

அன்புள்ள ச.,

கைகொடுக்கவில்லை என்பது உண்மைதான். 1953இல் வந்த ‘ஃப்ரம் ஹியர் டு எடர்னிட்டி’யில் சிப்பாய்களில் ஒருவராக வருகிறார், டைட்டிலில் பெயர் கிடையாது. ‘வெரைட்டி’ என்ற சினிமாத் தொழில் பத்திரிகைக்கு விளம்பரம் பிடிக்கும் வேலையும் பார்த்திருக்கிறார். தொலைக்காட்சித் தொடர்களுக்கு எழுதி, 1966இல் ‘கேம்பிட்’ மூலம் சினிமாவுக்கு எழுத வந்தபோது வயது நாற்பதை நெருங்கிவிட்டது.

ஆனால் ‘ஒதுங்கியவர்’ என்பதை ஏற்கமாட்டேன். ‘ஆர்டினரி பீப்பிள்’ (1980) படத்தின் தொடக்கத்தில் ஒரு காலை உணவுக் காட்சி. தற்கொலைக்கு முயன்று பிழைத்த மகன் பசியில்லை என்கிறான். அம்மா அழவில்லை, கெஞ்சவில்லை. அவனுக்கு வைத்த ஃப்ரெஞ்ச் டோஸ்ட்டை எடுத்துப்போய்க் கழிவு அரைக்கும் இயந்திரத்தில் தள்ளிவிடுகிறாள். மூலம் ஜூடித் கெஸ்ட்டின் நாவல். நாவலாசிரியர் அந்த அம்மாவின் மனதைப் பக்கம் பக்கமாக விவரிக்கலாம். திரையில் அவள் கைக்கு ஒரு வேலை கொடுத்தாக வேண்டும். கூட்டத்தில் ஒருவராகக் கேமரா முன் நின்றவருக்கு இது சொல்லிக்கொடுக்காமலே தெரிந்திருக்கும் என்பது என் ஊகம்.

அந்தத் திரைக்கதைக்கு ஆஸ்கர் கிடைத்தது. அது இரண்டாவது. முதலாவது ‘ஜூலியா’வுக்கு (1977). வேடிக்கை என்னவென்றால், ‘ஜூலியா’வின் இயக்குநர் ஃப்ரெட் ஜின்னமன், 24 வருடங்களுக்கு முன் அந்தச் சிப்பாய்ப் படத்தை எடுத்தவரும் அவரே.

எல்லாமே தேறின என்று சொல்லவரவில்லை. அவரும் சேர்ந்து எழுதிய ‘ஸ்பைடர்மேன் 3’இல் வில்லன்களின் நெரிசலில் கதைக்கு மூச்சு முட்டுகிறது. ஆனால் அதற்கு முன் அவர் திரைக்கதை எழுதிய ‘ஸ்பைடர்மேன் 2’ஐ, 2004இல் வந்ததை, மறுபடி பாருங்கள். அப்போது அவருக்கு வயது 77. பென் அங்கிள் செத்ததற்குத் தானும் ஒரு காரணம் என்று ஸ்பைடர்மேனான பீட்டர், பென்னின் மனைவி மே ஆன்ட்டியிடம் ஒப்புக்கொள்ளும் இடம். சூப்பர்ஹீரோ படத்தில் இப்படி ஒரு நிசப்தத்தை எதிர்பார்த்து யாரும் டிக்கெட் வாங்கியிருக்க மாட்டார்கள். அவள் ஒன்றும் சொல்வதில்லை. அவன் பிடித்திருக்கும் தன் கையை மெல்ல விடுவித்துக்கொண்டு எழுந்து போகிறாள்.

அங்கேயும் கைதான்.